ஒற்றியூர் நீங்கலாக

திருவொற்றியூர் சாமிக்கு ஆதிபுரீஸ்வரர், படம்பக்கநாதர், தியாகராஜர் என்று பேர்கள் ஏகப்பட்டது. எனக்குப் பிடித்தது எழுத்தறியும் பெருமான். பேர் வந்த கதை இது: ஒரு ராஜா தன் நாட்டு ஊர்களுக்கெல்லாம் வரி எழுதி ஓலை அனுப்பச் சொன்னான். எழுதி, வாசித்துப் பார்த்து, கட்டி வைத்தார்கள். மறுபடி பிரித்தால், வரிக்கும் வரிக்கும் நடுவில் யாருடையது என்றே தெரியாத கையெழுத்தில் ‘ஒற்றியூர் நீங்கலாக’ என்று இருந்தது. அரசாங்க ஆவணத்தில் இடைச்செருகல். செய்தது சிவபெருமான் என்பதால் கேஸ் ஆகவில்லை. இன்றைக்கு ஒரு தாலுகா ஆபீசில் வந்து செய்து பார்க்கட்டும்.

வரி விஷயத்தில் நல்லதாகப் போன அந்த இரண்டு வார்த்தை, அதற்கப்புறம் எங்கள் பக்கத்தை விடவே இல்லை என்பது என் கட்சி. மெட்ராஸின் அறிவியல் வரலாறு என்று யார் எழுதினாலும் நுங்கம்பாக்கத்தில் தொடங்கி, கிண்டி வழியாகப் பரங்கிமலை ஏறி இறங்கிவிடுகிறார்கள். ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர் எல்லாம் நீங்கலாக. எங்கள் ஊரில் அறிவு இல்லையா என்ன? இருந்தது. நோட்டில் பேர் ஏறவில்லை, அவ்வளவுதான்.

பட்டினத்தாரில் இருந்து ஆரம்பிக்கலாம். காவிரிப்பூம்பட்டினத்துக் கப்பல் வியாபாரி, பெரிய கை. ஒருநாள் எல்லாவற்றையும் உதறிவிட்டுக் கோவணத்தோடு கிளம்பினார். கையில் ஒரு பேய்க்கரும்பு. பேய்க்கரும்பு கசக்கும். அதன் நுனி எந்த ஊரில் இனிக்கிறதோ அந்த ஊரில் முக்தி என்று ஏற்பாடு. ஊர் ஊராகப் போனார், கடித்தார், துப்பினார், நடந்தார். திருவொற்றியூர் கடற்கரையில் கரும்பு இனித்தது, அங்கேயே உட்கார்ந்துவிட்டார். சமாதி இன்றும் கடலோரத்தில் இருக்கிறது.

பக்தியாகப் பார்ப்பவர்கள் அப்படியே பார்க்கட்டும். என் கண்ணுக்கு இது சுத்தமான கள ஆய்வு. கருவி ஒன்றுதான், சோதிக்கிற நாக்கும் ஒன்றுதான், மாறுவது இடம் மட்டும். கசக்கிற வரைக்கும் முடிவை அறிவிக்கவில்லை, இனித்த பிறகு மாற்றிக்கொள்ளவும் இல்லை. ஒரே குறை, கடித்த ஊர்களின் பட்டியலை அவர் எழுதி வைக்கவில்லை. வைத்திருந்தால் தமிழ்நாட்டில் எந்த ஊர் எவ்வளவு கசக்கும் என்று மாவட்ட வாரியாகப் போட்டிருக்கலாம்.

கிரேக்கத்து அரிஸ்டாட்டிலை இவரோடு ஒப்பிட்டுப் பாருங்கள். பெண்களுக்கு ஆண்களைவிடப் பல் குறைவு என்று எழுதி வைத்தார் மனிதர். கல்யாணம் ஆனவர். வீட்டுக்காரம்மாவை ‘கொஞ்சம் வாயைத் திற’ என்று சொல்லியிருந்தால் விஷயம் முடிந்தது. கேட்கப் பயமோ என்னவோ. அவர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று நூற்றாண்டுக் கணக்காக மற்றவர்களும் சும்மா இருந்தார்கள். எங்கள் ஆள் ஒரு துண்டுக் கரும்பைக்கூடக் கடிக்காமல் நம்பவில்லை.

இனித் திருவொற்றியூர்க் கோயிலுக்குள் வாருங்கள். சோழர் காலத்தில் இங்கே வியாகரண தான மண்டபம் என்று ஒன்று இருந்தது. பாணினி இலக்கணம் சொல்லிக் கொடுக்க மண்டபம், வாத்தியாருக்கும் பிள்ளைகளுக்கும் சாப்பாட்டுக்கு நிலம். கல்வெட்டே இருக்கிறது. சிவபெருமான் பாணினிக்குப் பதினான்கு நாள் காட்சி தந்து பதினான்கு சூத்திரம் சொன்னது இந்த இடத்தில்தான் என்று ஊர்க்கதை. பாணினி பிறந்ததாகச் சொல்லும் ஊர் இப்போது பாகிஸ்தானில் இருக்கிறது. அங்கிருந்து எங்கள் ஊர்த் தேரடி வரைக்கும் வந்து டியூஷன் படித்தார் என்றால், மனிதருக்குப் படிப்பில் எவ்வளவு அக்கறை. ஒரு நாளைக்கு ஒரு சூத்திரம். இந்த வேகத்தில் நடத்தினால் இன்றைக்குப் பெற்றோர் சங்கம் சும்மா விடாது. ஆனால் அந்தச் சூத்திரங்களின் மேல் பாணினி கட்டியது, ஒரு மொழி முழுவதையும் விதிகளாகச் சுருக்கிய வேலை. கம்ப்யூட்டர்காரர்கள் இன்றும் வியந்து பேசுகிற சமாச்சாரம். அதைப் படிக்க மானியம் கொடுத்தது எங்கள் ஊர்.

அதே கோயிலில் இன்னொரு கல்வெட்டு. ராஜேந்திர சோழன் காலத்தில், இங்கிருந்த மடத்தின் தலைவர் சதுரானன பண்டிதர் சொல்ல, கருங்கல்லில் விமானம் எழுப்பியவன் ரவி என்கிற வீரசோழத் தச்சன். தூங்கானை மாடம் என்பார்கள், படுத்திருக்கிற யானையின் பின்புறம் மாதிரி வளைந்த விமானம். கல்லை அப்படி வளைத்து அடுக்குவதற்குக் கணக்கு தெரியவேண்டும். கணக்குத் தெரிந்த கையின் பேரையும் கல்லில் வெட்டினார்கள். வேலை செய்தவன் பேர் இன்னது என்று நோட்டில் ஏறிய அபூர்வமான கணம் அது. நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், அடுத்த எண்ணூறு வருஷத்துக்கு இந்த மாதிரி அதிகம் பார்க்கப் போவதில்லை.

நடுவில் ஐரோப்பா விழித்துக்கொண்டது. 1543இல் கோபர்னிக்கஸ், சூரியனை நடுவில் உட்கார வைத்துவிட்டுத் தான் போய்ச் சேர்ந்தார். 1633இல் கலிலியோவை முட்டிபோட வைத்து, பூமி சுற்றவில்லை என்று வாங்கிக்கொண்டார்கள். பூமி அதைப் பற்றிக் கவலைப்படாமல் சுற்றிக்கொண்டிருந்தது. 1640 வாக்கில் இந்தப் புதிய அறிவின் ஒரு கிளை, பருத்தித் துணி வாங்கும் சாக்கில், எங்கள் ஊருக்குத் தெற்கே மணலில் வந்து கோட்டை கட்டியது.

அந்தக் கோட்டையில் சாமுவேல் பிரவுன் என்று ஒரு டாக்டர். 1693 ஆகஸ்ட் கடைசி. கவுன்சில் மெம்பர் ஜேம்ஸ் வீலருக்கு உடம்பு சரியில்லை. பிரவுன் முத்துப் பொடி கொடுத்தார். இதில் சிரிக்க ஒன்றுமில்லை. முத்துப் பற்பம் நம் சித்த வைத்தியத்திலும் உண்டு, ஐரோப்பாவிலும் பணக்கார வியாதிக்கு முத்துதான் மருந்து. ஆனால் கொஞ்ச நேரத்தில் வீலர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு துடித்து, செத்துப் போனார்.

என்ன நடந்தது? முத்தை இடித்த கல்லுரலில் அதற்கு முன்னால் பாஷாணம் இடித்திருக்கிறார்கள். ஆர்சனிக். உரலை யாரும் கழுவவில்லை.

நம் ஊர் நாட்டு மருந்துக் கடையில் இதைச் சொல்லிப் பாருங்கள், கேட்பவர் தலையில் அடித்துக்கொள்வார். கல்வத்தில் எதை அரைத்தாலும் அடுத்த சரக்கைப் போடும் முன் கழுவித் துடைத்துக் காயவைப்பது, மருந்து படிக்க வருகிற பையன் கற்றுக்கொள்ளும் முதல் பாடம். லண்டனில் அப்போது நியூட்டனின் பிரின்சிபியா வெளிவந்து ஆறு வருஷம். கிரகங்கள் ஏன் சுற்றுகின்றன என்று தெரிந்துவிட்டது. உரலைக் கழுவவேண்டும் என்பது இன்னும் கோட்டைக்கு வந்து சேரவில்லை.

பிரவுனை ஒரு விஷயத்தில் பாராட்டவேண்டும். மறைக்கவில்லை. பொடியில் தனக்குத் தெரியாமல் பாஷாணம் கலந்துவிட்டது, வீலரைத் தானே கொன்றுவிட்டேன் என்று கவர்னர் ஹிக்கின்சனுக்குக் கடிதம் எழுதிவிட்டார். இடித்தது வேலையாள் என்பதையும் சொல்ல மறக்கவில்லை. கவனியுங்கள்: மருந்து வேலை செய்தால் டாக்டர் மருந்து, ஆள் செத்தால் வேலைக்காரன் உரல். இந்த வேலைக்காரனின் பேரை நான் இதுவரை எங்கும் பார்த்ததில்லை.

எட்வர்ட் பல்க்லி என்ற இன்னொரு டாக்டர் வீலரின் உடலை அறுத்துப் பார்த்துக் காரணம் எழுதினார். சட்டத்துக்காகச் செய்த பிணப் பரிசோதனையில் இந்தியாவில் பதிவான முதலாவது இது என்கிறார்கள். அப்புறம் ஜூரி உட்கார்ந்தது. வழக்கைத் தள்ளிவிட்டது. அந்தக் கால ஆங்கிலச் சட்டத்தில் ஜூரி இப்படித் தள்ளினால் மனுவின் முதுகில் ‘இக்னோரேமஸ்’ என்று எழுதுவார்கள். லத்தீன். ‘நமக்குத் தெரியாது’ என்று அர்த்தம். ஐரோப்பிய அறிவியல் புரட்சியின் மூல மந்திரமே இந்த வார்த்தைதான், எனக்குத் தெரியாது என்று ஒத்துக்கொண்ட பிறகுதான் தேடல் தொடங்கியது என்று பெரிய புத்தகங்களில் எழுதுகிறார்கள். மெட்ராஸில் அது ஒரு டாக்டரின் கழுத்தைக் காப்பாற்றப் பயன்பட்டது.

தப்பித்த பிரவுன் என்ன செய்தார்? செடி பறிக்கப் போனார். நல்ல முடிவு, செடிகளுக்கு அவர் மருந்து கொடுக்கவில்லை. கோட்டையைச் சுற்றிக் கிடைத்த இலை, பூ, காய், கொடி எல்லாவற்றையும் காயவைத்து, காகிதத்தில் ஒட்டி, லண்டனுக்குக் கப்பலேற்றினார். அவருக்கு அப்புறம் பல்க்லியும் அதே வேலையைத் தொடர்ந்தார். லண்டனில் ஜேம்ஸ் பெட்டிவர் என்ற மருந்துக் கடைக்காரர் அவற்றைப் பிரித்து, ராயல் சொசைட்டியின் பத்திரிகையில் வரிசையாக வெளியிட்டார். இந்தப் பெட்டிவர் பூச்சி, சிப்பி, இலை எது கிடைத்தாலும் அனுப்புங்கள் என்று உலகமெல்லாம் கப்பல்காரர்களுக்கு அச்சடித்த குறிப்புச் சீட்டு கொடுத்தவர். வீட்டை விட்டு நகராமல் உலகத்தைச் சேகரித்த ஆசாமி. இன்றைக்கு இருந்தால் வாட்ஸ்அப்பில் ஐம்பது குரூப்புக்கு அட்மினாக இருந்திருப்பார்.

இந்தச் செடிகளோடு தமிழ்ப் பேர்களும் போயின. வெள்ளைக்காரன் அப்போது தமிழை ‘மலபார்’ என்றான், அதனால் அவை ‘மலபார் பேர்கள்’. எழுத்து இங்கிலீஷ், உச்சரிப்பு எவனோ ஜலதோஷக்காரன். அந்தப் பட்டியல்களை வாய்விட்டுப் படித்தால், நம் வீட்டு வாசலில் இருக்கிற செடியே ‘யாரைக் கூப்பிடுகிறாய்’ என்று திரும்பிப் பார்க்காது.

கொஞ்சம் அந்தக் காட்சியை நினைத்துப் பாருங்கள். வெயில். கம்பளிக் கோட்டும் தலையில் டோப்பாவுமாக டாக்டர் குனிந்து ஒரு கொடியைக் காட்டுகிறார். பக்கத்தில் நிற்கிற எங்கள் ஊர் ஆள், ‘இது அடப்பங்கொடி சாமி, ஜெல்லி மீன் சுட்ட இடத்தில் அரைத்துப் போடுவோம்’ என்கிறான். டாக்டர் எழுதிக்கொள்கிறார். மணலில் உருண்டு போகிற முள்பந்தைக் காட்டுகிறார். ‘இது ராவணன் மீசை.’ டாக்டர் நிமிர்ந்து பார்க்கிறார். ராவணன் யார், அவன் மீசை ஏன் இங்கே கிடக்கிறது என்று விளக்கப் போனால் பொழுது சாய்ந்துவிடும். இந்தக் காட்சி என் கற்பனைதான். ஆனால் பேர் சொல்ல ஒரு ஆள் பக்கத்தில் நின்றிருக்கவேண்டும் என்பது கற்பனை இல்லை. செடி தன் பேரைத் தானே சொல்லாது. காய்ந்த செடிகள் லண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் இன்றும் இருக்கின்றன. பிரவுன் பேர் இருக்கிறது, பல்க்லி பேர் இருக்கிறது, பெட்டிவர் பேர் இருக்கிறது. பேர் சொன்னவன் பேர், நீங்கலாக.

1708இல் கர்நாடக நவாப் தாவூத்கான், கிழக்கிந்தியக் கும்பெனிக்கு ஐந்து ஊர்களைக் கொடுத்தார்: திருவொற்றியூர், நுங்கம்பாக்கம், வியாசர்பாடி, காத்திவாக்கம், சாத்தங்காடு. கானுக்குச் சீமைச் சரக்கின் மேல் இருந்த பிரியம் ஊரறிந்தது. கோட்டையில் இருந்து பாட்டில்கள் அவ்வப்போது போய்க்கொண்டிருந்தன. ஒரே சமயத்தில், ஒரே கையெழுத்தில் கைமாறிய ஐந்து ஊர். இப்போது பாருங்கள். நுங்கம்பாக்கத்துக்கு வானாய்வுக்கூடம் வந்தது. காத்திவாக்கத்துக்கு, அதாவது எண்ணூருக்கு, அனல்மின் நிலையம் வந்தது. ஒருத்தனுக்கு நட்சத்திரம், ஒருத்தனுக்குச் சாம்பல். உடன்பிறந்த ஐந்து பேரில் ஒருத்தன் மட்டும் கலெக்டராகிவிட்டால் மற்றவர்கள் விசேஷத்துக்குப் போய் எப்படி ஓரமாக நிற்பார்களோ, அப்படித்தான் நாங்கள் நுங்கம்பாக்கம் போனால் நிற்கிறோம்.

வானாய்வுக்கூடத்துக்குப் போகும் முன் ஒரு பிரெஞ்சுக்காரர் பாவத்தைச் சொல்லிவிடுகிறேன். சம்பவம் புதுச்சேரியில். லெ ஜான்டீல் என்று ஒரு வானியலாளர். சூரியனுக்குக் குறுக்கே வெள்ளி போவதைப் பார்க்க 1760இல் பிரான்ஸை விட்டுக் கிளம்பினார். வந்து சேர்வதற்குள் இங்கிலீஷ்காரர்கள் புதுச்சேரியைப் பிடித்துவிட்டார்கள். 1761 ஜூனில் ஆடுகிற கப்பலில் நின்று பார்த்ததில் ஒன்றும் அளக்க முடியவில்லை. அடுத்தது எட்டு வருஷம் கழித்து. சரி, இருந்தே பார்த்துவிடுவோம் என்று இந்தப் பக்கமே சுற்றினார். புதுச்சேரியில் கூடம் கட்டினார். சண்டைக்காரர்களான மெட்ராஸ் இங்கிலீஷ்காரர்களே மனமிரங்கி ஒரு நல்ல தொலைநோக்கியை இரவல் கொடுத்தார்கள். 1769 ஜூன் 4 காலை, மேகம். வெள்ளி கடந்து போன பிறகு வெயில் பளீரென்று அடித்தது. முன்பு அவர் தங்கியிருந்துவிட்டு வந்த மணிலாவில் அன்றைக்கு வானம் துடைத்து வைத்த மாதிரி இருந்ததாம். பதினொரு வருஷம் கழித்து ஊருக்குப் போனால், செத்துவிட்டார் என்று சொந்தக்காரர்கள் சொத்தைப் பிரிக்க உட்கார்ந்திருந்தார்கள். ஏழரை நாட்டுச் சனி என்றால் அவருக்குப் புரிந்திருக்காது, நமக்குப் புரியும்.

ஆனால் அந்தக் காத்திருப்பில் அவர் ஒரு நல்ல காரியம் செய்தார். புதுச்சேரித் தமிழர்களிடம் கிரகணக் கணக்கு கற்றுக்கொண்டார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணத்தை ஒரு தமிழர் முக்கால் மணி நேரத்தில் கணக்குப் போட்டுக் காட்டினார். கிரகணம் எவ்வளவு நேரம் நீடிக்கும் என்பதில் 41 வினாடி குறைந்தது. ஐரோப்பாவின் அருமையான அட்டவணை என்று பேர் வாங்கிய டோபியாஸ் மேயரின் அட்டவணைப்படி போட்டால் 68 வினாடி கூடியது. லெ ஜான்டீல் நேர்மையானவர், இரண்டையும் எழுதி வைத்தார்.

அவர் காலமான 1792ஆம் வருஷம், நுங்கம்பாக்கத்தில் கும்பெனியின் வானாய்வுக்கூடம் எழுந்தது. கட்டியவர் மைக்கேல் டாப்பிங். பத்து டன் எடையில் ஒரு கருங்கல் தூண் நட்டு, அதன் மேல் கருவியை வைத்தார்கள். தூணில் லத்தீன், தமிழ், தெலுங்கு என்று பல மொழியில் சேதி வெட்டினார்கள். சாரம் என்னவென்றால், ஆசியாவில் கணித அறிவியலை நட்டது ஆங்கிலேயரின் தாராள மனசு என்று ஆயிரம் வருஷத்துக்கு அப்புறம் வருகிறவர்களுக்கும் தெரியட்டும். நட்டார்களாம். கிரகணத்தை முக்கால் மணியில் போடுகிற ஆள் நூறு மைலுக்குத் தெற்கே உட்கார்ந்திருக்கிறான். இவர்கள் இங்கே கணிதத்துக்கு நாற்று விடுகிறார்கள். வீரசோழத் தச்சன் இருந்திருந்தால் தூணைத் தட்டிப் பார்த்து, ‘கல் நல்ல கல்தான், எழுத்துதான் கொஞ்சம் அதிகம்’ என்றிருப்பான்.

அங்கே வேலை பார்த்த கோல்டிங்ஹாம் ஒரு கெட்டிக்காரத்தனம் செய்தார். கோட்டையிலும் பரங்கிமலையிலும் தினம் தவறாமல் பீரங்கி வெடிப்பார்கள், நேரம் சொல்ல. ஊர் காதைப் பொத்திக்கொள்ளும். இவரோ 1820, 1821இல், வெளிச்சம் தெரிகிற கணத்துக்கும் சத்தம் கேட்கிற கணத்துக்கும் இடையே எத்தனை வினாடி என்று நுங்கம்பாக்கத்தில் நின்று எண்ண ஏற்பாடு செய்தார். கோட்டை இரண்டரை மைலுக்கு மேல், மலை ஐந்தரை மைலுக்கு மேல். வகுத்தால் சத்தத்தின் வேகம் வந்துவிடும். பீரங்கிக்கு மருந்துச் செலவு ராணுவத்துடையது; அறிவியல் வரலாற்றில் இவ்வளவு சிக்கனமான ஆராய்ச்சி குறைவு. வெயில் காலத்தில் சத்தம் வேகமாக வருகிறது, காற்றின் திசையால் மாறுகிறது என்றெல்லாம் கண்டு லண்டனுக்கு எழுதினார். கட்டுமரத்துக்காரர் எவரிடமாவது கேட்டிருந்தால், எதிர்க்காற்றில் கத்தினால் கரைக்குக் கேட்காது என்பதைச் சும்மாவே சொல்லியிருப்பார். எத்தனை அடி என்று சொல்லியிருக்கமாட்டார், ஒத்துக்கொள்கிறேன். அந்த எண்தான் வித்தியாசம்.

இனிமேல்தான் எனக்கு மிகவும் பிடித்த ஆள் வருகிறார். முன்பு கோல்டிங்ஹாம் லீவில் போனபோது அவர் இடத்தில் இருந்து வானாய்வுக்கூடத்தைப் பார்த்துக்கொண்டவர் ஜான் வாரன், பிரெஞ்சுப் பிறப்பு, இங்கிலீஷ் சேவகம். தென்னிந்தியப் பஞ்சாங்கக் கணக்கு முழுவதையும் ‘கால சங்கலிதம்’ என்ற பெரிய புத்தகமாக எழுதி 1825இல் மெட்ராஸில் அச்சிட்டார். அதற்காகப் புதுச்சேரிப் பஞ்சாங்கக்காரர் ஒருவரைப் பிடித்து, அந்த வருஷம் மே 31 – ஜூன் 1 இரவு வரவிருந்த சந்திர கிரகணத்தைக் கணிக்கச் சொன்னார். அந்த மனிதர் என்ன செய்தார்? பேனா கேட்கவில்லை, பலகை கேட்கவில்லை. தரையில் உட்கார்ந்து சோழி பரப்பினார்.

சோழியை இப்படி வைத்தார், அப்படித் தள்ளினார், நான்கை எடுத்தார், இரண்டைச் சேர்த்தார். அட்டவணை முழுக்க மனப்பாடம். எண்களை எழுத்தாக்கி, எழுத்துகளைக் கோத்து வாக்கியமாக்கி, வாக்கியத்தைச் சின்ன வயதிலேயே நெட்டுருப் போட்டு வைத்திருக்கும் பரம்பரை. வாக்கியப் பஞ்சாங்கம் என்கிறோமே, அந்த வாக்கியம் இதுதான். சந்திரனுக்கு மட்டும் 248 வாக்கியம். 248 நாளுக்கு ஒரு தரம் சந்திரன் பழைய தடத்துக்குக் கிட்டே வந்து நிற்கும் என்ற கணக்கு. பாபிலோன்காரர்களுக்கும் இந்த 248 தெரியும். ஓட்டோ நாய்கெபாவர் என்ற அறிஞர் 1952இல் இதை வைத்தே தமிழ் வானியல் என்று கட்டுரை எழுதினார். முடிவில் நம் சோழிக்காரர் சொன்ன நேரத்துக்கும் நடந்ததற்கும் கிரகணம் பிடிக்கையில் 4 நிமிஷம், நடுவில் 23 நிமிஷம், விடுகையில் 52 நிமிஷம் வித்தியாசம். விடுகிற நேரம் பிசகியதற்கு அவரைக் குறை சொல்வது பாவம். அரசாங்கம் சொல்லும் மழை நேரத்தை நம்பித் துணி காயப்போடுகிற ஊரில் இருந்துகொண்டு நான் சொல்லமாட்டேன்.

அவருக்கு அந்தக் கணக்கின் தத்துவம் ஒன்றுமே தெரியாது என்று வாரன் எழுதினார். பூமி நிழல், சந்திரன் பாதை, எதுவும் தெரியாது. சோழி மட்டும் தெரியும். படித்தபோது எனக்கு எங்கள் ஆயா ஞாபகம் வந்தது. ராயபுரத்தில் பிறந்து திருவொற்றியூரில் வாழ்க்கைப்பட்டு, காசிமேட்டில் இருந்து கூடையில் மீன் எடுத்து வந்து விற்றவள். எழுத்து தெரியாது. பால் கணக்குக்குத் தேங்காய்ச் சிரட்டையில் புளியங்கொட்டை போடுவாள். பால் வராத நாளுக்குக் கொட்டையைப் பக்கத்துச் சிரட்டையில் போடுவாள். மாசக் கடைசியில் பால்காரர் நோட்டைப் பிரித்து, ‘முப்பது நாள் ஆயா’ என்பார். ஆயா சிரட்டையைத் தரையில் கொட்டுவாள். ‘இருபத்தேழு. மூணு நாளு உன் மாடு எங்க போச்சுப்பா?’ ஒருதரம்கூட நோட்டு ஜெயித்ததில்லை. வகுத்தல் என்றால் என்ன என்று கேட்டால் அவளுக்கும் தெரியாது. கடல் மீனை எட்டுப் பங்கு போட்டால் ஒரு பங்கில் ஒரு காரப்பொடி மீன் கூடியது குறைந்தது கிடையாது.

ஒரு விஷயத்தில் வாரனுக்கு நான் எழுந்து நின்று கும்பிடு போடுவேன். சோழிக்காரரின் பேரை எழுதினார். சாமி நாடன் சஷியா என்கிறார். சாமிநாத சேஷய்யாவாக இருக்கலாம், எதுவாகவும் இருக்கலாம், ஜலதோஷம் போகவில்லை. ஆனாலும் பேர். ரவி என்கிற வீரசோழத் தச்சனுக்கு அப்புறம் இந்தக் கதையில் நோட்டில் ஏறிய அடுத்த கைவேலைக்காரர்.

மூன்றாமவரும் உண்டு. சிந்தாமணி ரகுநாதாச்சாரி. பஞ்சாங்கக் குடும்பம், நுங்கம்பாக்கம் வானாய்வுக்கூடத்தில் சின்ன உத்தியோகத்தில் சேர்ந்து முதல் உதவியாளராக உயர்ந்தார். 1867இல் ஒரு மாறொளி நட்சத்திரத்தைக் கண்டுபிடித்தார், ஆர் ரெட்டிகுலி என்று பேர். 1874இல் வெள்ளி மறுபடி சூரியனைக் கடந்தபோது, ஜனங்களுக்கு விளக்கிப் பல மொழிகளில் சிறுநூல் போட்டார். அதோடு நிற்காமல், தொலைநோக்கியில் தெரிவதற்கு ஏற்றபடி பஞ்சாங்கத்தைத் திருத்தவேண்டும் என்று கிளம்பினார். நட்சத்திரத்தைக் கண்டுபிடித்தபோது யாரும் சண்டைக்கு வரவில்லை. பஞ்சாங்கத்தில் கை வைத்ததும் வந்தார்கள். வாக்கியமா திருக்கணிதமா என்ற அந்தச் சண்டை நல்ல ஆரோக்கியத்தோடு இருக்கிறது: திருக்கணிதப்படி 2025 மார்ச் 29 சனிப்பெயர்ச்சி, வாக்கியப்படி 2026. ஒரு வருஷம் சனி எந்த ராசியில் இருப்பது என்று தெரியாமல் அவரே திண்டாடியிருப்பார். லெ ஜான்டீலுக்கு இந்தச் சனியைத் தெரிந்திருந்தால் ஆறுதல் அடைந்திருப்பார்.

ராயபுரத்தை மறந்துவிடவில்லை. 1856இல் அங்கிருந்துதான் தென்னாட்டின் முதல் பயணிகள் ரயில் வாலாஜா ரோடுக்குக் கிளம்பியது. ரயில் வந்ததும் மணி பார்க்கும் வேலை வந்தது. பம்பாய்க்கு ஒரு மணி, கல்கத்தாவுக்கு ஒரு மணி என்று இருந்த காலத்தில், நடுவில் இருந்த மெட்ராஸ் நேரத்தை இந்திய ரயில்கள் எடுத்துக்கொண்டன. நுங்கம்பாக்கத்துத் தூண் கிரீன்விச்சுக்கு ஐந்து மணி 21 நிமிஷம் முந்தி. அந்தக் கணக்கில் லாகூர் வரைக்கும் ரயில் ஓடியது. 1906இல் ஐந்தரை மணியாக்கினார்கள். ஒன்பது நிமிஷத்தை யார் எடுத்துக்கொண்டார்கள் என்று ராயபுரத்தில் யாரும் விசாரிக்கவில்லை. ஸ்டேஷன் கட்டடம் இன்றும் இருக்கிறது. பிளாட்பாரத்தில் நின்றால், ரயில் எத்தனை நிமிஷம் தாமதம் என்பது எந்த நேரப்படி என்று கேட்கத் தோன்றும்.

எண்ணூருக்கு அறிவியல் தாமதமாக வந்தது. வந்தபோது மொத்தமாக வந்தது. 1970களில் அனல்மின் நிலையம், பக்கத்தில் உரம், எண்ணெய், கரி, பின்னால் துறைமுகம். பழைய அனல்மின் நிலையத்தை 2017இல் மூடினார்கள். அதற்கு வடக்கே இன்னொன்று ஓடிக்கொண்டிருக்கிறது. கொசஸ்தலை ஆற்று முகத்துவாரத்தில் இறால் தடவுகிறவர்கள் முழங்கால் வரைக்கும் சாம்பல் சேற்றில் நிற்கிறார்கள். தண்ணீரைக் கையில் அள்ளிப் பார்த்தே சொல்லிவிடுவார்கள், எது கடல் தண்ணீர், எது ஆலைத் தண்ணீர் என்று. எந்த ஆராய்ச்சி அறிக்கையிலும் அவர்கள் பேர் கிடையாது. ‘உள்ளூர் மக்கள்’ என்று இருக்கும்.

பட்டினத்தார் கோயிலுக்குப் போகிறவர்கள், போகிற வழியில் ஒரு கரும்பு வாங்கிக்கொள்ளுங்கள். எண்ணூர் நெடுஞ்சாலையில் கண்டெய்னர் லாரிகளுக்கு நடுவே ஓரமாக ஒதுங்கி, பெரியவர் செய்த மாதிரி நுனியைக் கடித்துப் பாருங்கள். இனித்தால் எனக்கும் சொல்லுங்கள். கடிப்பதற்கு முன்னால் மட்டும் நன்றாகக் கழுவிக்கொள்ளுங்கள்.